தீவில் செத்த கிழவனும் என் மச்சானும்

நான் மூன்றாம் வகுப்பு படித்தவன். அதிலும் பாதிதான் பள்ளிக்கூடத்தில். மீதிப் பாதி அப்பாவோடு கட்டுமரத்தில் போய்விட்டது. இன்றைக்கு உவரியில் எனக்கு ஒரு ஐஸ் கம்பெனி இருக்கிறது. அம்பாசமுத்திரம் வரைக்கும் மீன் ஏற்றிப்போக ஆறு வண்டிகள் ஓடுகின்றன. பாளையங்கோட்டையில் மூன்று மாடி வீடு. ஒரு செங்கல்கூட அடுத்தவன் கொடுத்ததில்லை. பெருமைக்குச் சொல்கிறான் என்று நீங்கள் நினைத்தால் அது சரிதான், பெருமைக்குத்தான் சொல்கிறேன். எழுபத்திரண்டு வயதில் டிவி நாடகத்தில் நடித்து, அதில் செத்து, ஒரு ஜில்லாவையே மாலை வாங்க வைத்த ஆள் நான் ஒருவன்தான் இருப்பேன். வேறு யாராவது இருந்தால் சொல்லுங்கள், ஒத்துக்கொள்கிறேன்.

நாடகம் இதுதான். பன்னிரண்டு பேரை ஆள் இல்லாத ஒரு தீவில் கொண்டுபோய் இறக்கி விடுகிறார்கள். வாரம் ஒரு போட்டி. தோற்றவன் உயிரோடு திரும்ப மாட்டான். கடைசியில் மிஞ்சுகிறவனுக்கு அவன் கேட்டதைக் கொடுப்பார்கள். அந்தப் பன்னிரண்டு பேரில் ஒருவன் வயதான மீன்காரன். அவனுடைய படகு புயலில் போய்விட்டது. ஒரு படகு வேண்டும் என்பதற்காகப் போட்டிக்கு வந்தவன். அந்தக் கிழவன் வேஷத்துக்குச் சென்னையிலிருந்து ஒரு நடிகரைக் கூட்டி வந்திருந்தார்கள். நல்ல மனிதர், நல்ல குரல். ஆனால் கட்டுமரத்தில் ஏற்றி அலை தாண்டும் முன்னால் மூன்று தடவை வாந்தி எடுத்துவிட்டார். நான்காவது தடவை என் மேல்.

நான் அங்கே நடிக்கப் போகவில்லை. அவர்களுக்குப் படகு, ஐஸ், சாப்பாட்டுக்கு மீன் எல்லாம் நம்முடைய சப்ளை. சட்டையைக் கடல் தண்ணீரில் அலசிக்கொண்டிருக்கும்போது அரைக்கால் சட்டை போட்ட டைரக்டர் பக்கத்தில் வந்து, நீங்கள் நடித்தால் என்ன என்று கேட்டார். சந்தையில் மீன் விற்கிறவன் நாற்பது வருசமாக நடித்துக்கொண்டுதான் இருக்கிறான், புதிதாக என்ன கற்றுக்கொள்ள வேண்டியிருக்கிறது என்று சொன்னேன். அவர் சிரித்தார். ஆனால் முதல் நாள் முதல் காட்சி முடிந்ததும் சிரிப்பை நிறுத்திவிட்டார். ஒரே டேக். சுற்றி நின்ற எல்லோரும் கை தட்டினார்கள். லைட் பிடிக்கிறவர்கூடத் தட்டினார்.

வசனம் எனக்குப் படிக்க வராது என்பதால் உதவி டைரக்டர் பெண் ஒருத்தி வாசித்துக் காட்டுவாள். ஒரு தடவை கேட்டால் போதும், எனக்கு மனப்பாடம். படித்த நடிகர்கள் பேப்பரை வைத்துக்கொண்டு உதடு அசைத்துக்கொண்டிருப்பார்கள். நான் வெற்றிலை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பேன்.

கிழவன் சாகிற காட்சிதான் முக்கியம். அந்த வாரப் போட்டி ஒரு மிதவையில் நடக்கிறது. நடுக்கடலில் ஒரு மிதவை, அதன் மேல் நாலு பேர், அவரவர் மூட்டையோடு. கடலில் விழுந்தவன் மறுபடி ஏறலாம், ஆனால் மேலே நிற்கிறவன் யாராவது கை கொடுத்தால் மட்டும்தான். மணி அடிக்கும்போது தண்ணீரில் இருக்கிறவன் தோற்றவன். டைரக்டர் எழுதி வைத்திருந்தது என்னவென்றால், கிழவன் கால் வழுக்கி விழுகிறான், யாரும் கை கொடுக்கவில்லை, செத்துப்போகிறான்.

நான் அதை ஒத்துக்கொள்ளவில்லை. கட்டுமரத்தில் பிறந்து வளர்ந்தவன் மிதவையில் வழுக்கி விழுந்தான் என்று காட்டினால் நான் எந்த முகத்தோடு கரையில் நடப்பேன்? எங்கள் பக்கத்தில் ஒரு படகு திரும்பவில்லை என்றால் அன்றைக்கு எந்தப் படகும் மீன் பிடிக்காது. பேசாத பங்காளியாக இருந்தாலும் தேடத்தான் போவான். கடலில் ஒருவன் விழுந்தால் எதிரி, நண்பன் என்று பார்க்கிற பழக்கம் கிடையாது. அதனால் இப்படிச் செய்யுங்கள் என்று நானே சொன்னேன். முதலில் விழுகிறவன் நீச்சல் தெரியாத ஒரு பட்டணத்துப் பையனாக இருக்கட்டும். கிழவன் யோசிக்காமல் குதிக்கட்டும். பையனைத் தள்ளி மேலே ஏற்றட்டும். பிறகு தான் ஏறுவதற்குக் கையை நீட்டட்டும். அந்தப் பையன் அந்தக் கையைப் பிடிக்காமல் இருக்கட்டும்.

டைரக்டர் நோட்டை எடுத்து எழுத ஆரம்பித்தார். ஆகவே அந்தப் பாத்திரத்தில் பாதியை எழுதியவன் நான். டைட்டிலில் என் பேரை அந்த இடத்தில் போடவில்லை, அது அவர்கள் குறை.

காட்சி எடுக்கிற அன்று அந்தப் பையனாக நடித்த தம்பிக்குச் சரியாக வரவில்லை. நடுக்கடல் என்று சொல்லிக் கரையோரத்தில்தான் எடுத்தார்கள்; தண்ணீரில் கழுத்தளவு நான் நிற்கிறேன், கை நீட்டுகிறேன், அவன் என் முகத்தைப் பார்த்து முழிக்கிறான். ஒரு டேக்கில் அவனுக்கு அழுகை வந்துவிட்டது. இன்னொரு டேக்கில் வில்லன் மாதிரி முறைத்தான். டைரக்டர் கத்தினார், கெஞ்சினார். கடைசியில் நான் தண்ணீரில் நின்றபடியே சொன்னேன்.

"தம்பி, என் மூஞ்சியைப் பாக்காத. கையையும் பாக்காத. உன் பக்கத்துல இருக்குல்லா மூட்டை, அதைப் பாரு. கயிறு சரியாக் கட்டியிருக்கான்னு பாரு. அதைச் சரி பண்ணு. அவ்வளவுதான்."

அவன் அப்படியே செய்தான். மூட்டைக் கயிற்றை இழுத்து இறுக்கினான், ஏதோ அந்த நேரத்தில் அதுதான் முக்கியமான வேலை என்பது மாதிரி. என் கை நீட்டியபடியே இருந்தது. மணி அடித்தது. கரையில் நின்றவர்கள் யாரும் கை தட்டவில்லை. டைரக்டர் பக்கத்தில் வந்து துண்டைக் கொடுத்துவிட்டு, "இது எப்படி ஐயா உங்களுக்குத் தெரியும்?" என்று கேட்டார். கடலில் ரொம்ப நாள் இருந்தவனுக்கு எல்லாம் தெரியும் என்று சொல்லிவிட்டேன்.

அது உண்மை இல்லை. அதைக் கடலில் நான் கற்றுக்கொள்ளவில்லை. பஸ் கூரை மேல் கற்றுக்கொண்டேன்.

என் வீட்டுக்காரிக்குக் கூடப்பிறந்தவர் ஒரே ஒரு அண்ணன். எனக்கு மச்சான். கல்யாணமான புதிதில் அவரும் நானும் சேர்ந்துதான் மீன் வியாபாரம் தொடங்கினோம். விடிந்ததும் கரையில் மீனை எடுத்து, ஓலையில் முடைந்த கடகப் பெட்டிகளில் அடுக்கி, சைக்கிளில் திசையன்விளைக்குக் கொண்டுபோய், அங்கேயிருந்து பஸ் கூரையில் ஏற்றி அம்பாசமுத்திரம் சந்தைக்குப் போவோம். மீன் கடகத்தோடு எங்களை உள்ளே விடமாட்டார்கள், நாங்களும் கூரையில்தான். வயல்காட்டு ஊர்களில் மீனுக்கு நல்ல கிராக்கி. மழையோ வெயிலோ ரெண்டு பேரும் முதுகோடு முதுகு சாய்ந்து உட்கார்ந்து போவோம். அவர் பாடுவார், நன்றாகவும் பாடுவார்.

அந்த நாளில் சந்தையில் உட்கார்ந்து விற்க எங்களுக்கு இடம் கிடையாது. மீன் வைக்கிற கல் ஒவ்வொன்றும் ஒவ்வொருவருக்குச் சொந்தம் மாதிரி. ஒரு நாள் ஒரு கிழவர் வியாபாரத்தை விட்டுவிட, அவருடைய கல் காலியாகிவிட்டது. நாளைக் காலையில் முதலில் வந்து அதில் கடகத்தை வைக்கிறவனுக்கு அந்தக் கல் என்று சந்தைக்காரர் சொல்லிவிட்டார். எங்களைப் போல அதன் மேல் கண் வைத்தவர்கள் இன்னும் இரண்டு மூன்று பேர் இருந்தார்கள்.

மறுநாள் களக்காடு தாண்டி ஒரு ஊரில் ஆள் இறக்க பஸ் நின்றது. பின்னால் வளைவில் எங்கள் கடகம் ஒன்று கயிறு தளர்ந்து ரோட்டில் விழுந்திருந்தது. மச்சான் ஏணி வழியாக இறங்கி அதை எடுக்க ஓடினார். அவர் திரும்பி வருவதற்குள் கண்டக்டர் விசில் ஊதிவிட்டார். பஸ் நகர்ந்தது. கடகத்தைத் தலையில் வைத்துக்கொண்டு ஒரு கையால் பிடித்தபடி அவர் பின்னால் ஓடி வந்தார். இன்னொரு கையை ஏணியைப் பிடிக்க நீட்டினார். பஸ் போய்விட்டது. நான் சந்தைக்குப் போய்க் கல்லைப் பிடித்தேன். அவர் மத்தியானம் கெட்டுப்போன மீனோடு வந்து சேர்ந்தார்.

இதுதான் நான் எல்லோருக்கும் சொன்ன கதை. என் வீட்டுக்காரிக்கும் இதையேதான் சொன்னேன். பஸ் போய்விட்டது, நான் என்ன செய்ய முடியும்.

மச்சான் அன்றைக்குச் சந்தை நடுவில் நின்று என்னிடம் ஒன்றுதான் சொன்னார். "நீ செத்தாலும் உன் வாசப்படி மிதிக்க மாட்டம்லே." சொன்னதைக் காப்பாற்றினார். அம்பாசமுத்திரம் பக்கம் ஆற்றங்கரையில் ஒரு ஊரில் போய்க் குடியேறினார். பிற்பாடு எப்படியோ ஒரு டீக்கடை வைத்துக்கொண்டார். தங்கச்சி வருசத்துக்கு ஒரு தடவை போனால் சோறு போடுவார், துணி எடுத்துக் கொடுப்பார். அவள் பிள்ளைகளுக்கு ஞானஸ்நானம், திருமணம், சாமியார் வந்து இந்தப் புது வீட்டை மந்திரித்த விசேசம் எதற்கும் வரவில்லை. மூத்த மகள் கல்யாணத்தில் தாய்மாமன் நிற்க வேண்டிய இடத்தில் என் ஒன்றுவிட்ட தம்பியை நிறுத்தினோம். அன்றைக்கு என் வீட்டுக்காரி போட்டோவுக்குச் சிரித்தாள். இப்போதும் அந்தப் போட்டோவைப் பார்த்தால் யாருக்கும் சிரிப்பாகத் தெரியாது. முப்பத்தாறு வருசத்தில் அவள் என்னிடம் கேட்டது ஒன்றுதான், என் அண்ணனை இந்த வீட்டுக்குக் கூட்டிவாருங்கள். என்னால் ஆகாத காரியம் என்று ஒன்று இருந்தது என்றால் அது மட்டும்தான்.

இனி போஸ்டர் கதை.

கிழவன் சாகிற வாரம் வந்தது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஏழு மணிக்கு நாடகம். அன்றைக்கு விடிகாலையில் அந்த டிவிக்காரர்கள் ஒரு வேலை செய்திருக்கிறார்கள். ரயில்வே ஜங்ஷன், பாளையங்கோட்டை பஸ் ஸ்டாண்டு, அம்பாசமுத்திரம் வரைக்கும் சுவரெல்லாம் கண்ணீர் அஞ்சலி போஸ்டர். மேலே சிலுவை, நடுவில் வெள்ளைச் சட்டை போட்டுச் செபமாலையோடு என் படம், சுற்றிலும் கறுப்புக் கட்டம். கீழே பெரிய எழுத்தில் கிழவனுடைய பேர், என் பேர் இல்லை. அதற்கும் கீழே பொடி எழுத்தில், தீவில் நம்மை விட்டுப் பிரிந்தார், இன்று மாலை ஏழு மணிக்குக் காணத் தவறாதீர்கள். நம் ஊரில் கண்ணீர் அஞ்சலி போஸ்டரை யார் நின்று படிக்கிறார்கள்? படத்தைப் பார்ப்பார்கள், அடடா என்பார்கள், போவார்கள். கடைசி வரியில் ஏழு மணி என்று இருப்பதைப் பார்த்தவர்களும் அடக்க நேரம் என்று நினைத்துவிட்டார்கள்.

காலை ஆறரை மணிக்கே போன் அடிக்கத் தொடங்கியது. முதல் போனை நான் எடுத்தேன். அந்தப் பக்கம் அழுதுகொண்டிருந்த மீன் வியாபாரி என் குரலைக் கேட்டதும் போனை வைத்துவிட்டான். அதற்குப் பிறகு என் மருமகள் எடுத்தாள். அவள் டீச்சர், பொறுமையாக விளக்கம் சொல்லக் கூடியவள். எட்டு மணிக்கு மார்க்கெட்டிலிருந்து ஆறு பேர் ஆட்டோவில் ஆளுயர ரோஜா மாலையோடு வந்தார்கள். நான் காம்பவுண்டு கேட்டைத் திறந்தேன். முன்னால் வந்தவர் மாலையோடு அப்படியே நின்றார்.

"அண்ணாச்சி, நீங்களா?" என்றார்.

"பின்ன, என் ஆவியா வே கேட்டைத் திறக்கும்? கொண்டாந்த மாலையைத் திருப்பிக் கொண்டு போகாதீரும். இங்கன போடும்" என்று கழுத்தை நீட்டினேன்.

போட்டுவிட்டுப் போனார்கள். எத்தனை பேருக்கு உயிரோடு இருக்கையிலேயே அந்த மாலை கிடைக்கும்? நான் மாலையைக் கழற்றவில்லை. அதோடேயே இட்லி சாப்பிட்டேன். என் வீட்டுக்காரிக்கு ஒன்றும் பிடிக்கவில்லை. காலையில் தாலியைத் தொட்டுத் தொட்டுப் பார்த்துக்கொண்டே வேலை செய்தாள். "சாவை விளையாட்டுக்குக் கூப்பிடுதிய, அது ஒரு நாள் வந்து நிக்கப் போவுது" என்றாள். நான் கவனிக்கவில்லை. அடுத்த போனுக்கு என்ன வேடிக்கை பேசலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தேன்.

மத்தியானம் பன்னிரண்டு மணி இருக்கும். தெருமுனையில் பஸ் நிற்கிற சத்தம். கொஞ்ச நேரத்தில் வெயிலில் ஒரு வயதான ஆள் வேகவேகமாக வந்தார். கதர் வேட்டி, கக்கத்தில் ஒரு துணிக்கடைப் பை. வீடு எது என்று அவருக்குத் தெரியவில்லை, ஒவ்வொரு கேட்டாகப் பார்த்துக்கொண்டு வந்தார். ஒரு வீட்டுக்கு முன்னால் ஆள்கூட்டமும் பந்தலும் இருக்கும், அதுதான் என்று தேடி வந்திருக்கிறார். பந்தல் எங்கேயும் இல்லை. நான் மாலையோடு கேட்டருகில் நின்றுகொண்டிருந்தேன்.

முப்பத்தாறு வருசம் ஆனாலும் மச்சானை எனக்குத் தெரியாதா.

அவரும் என்னைப் பார்த்தார். ரோட்டு நடுவில் நின்றார். பையை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டார். நான்தான் முதலில் பேசினேன். எனக்கு வேறு ஒன்றும் வாயில் வரவில்லை.

"மச்சான், நான் சாகல."

"தெரியுது" என்றார்.

எங்கள் மீன் வண்டி ஒன்று ரோட்டோரத்தில் நின்றது. அவர் அதன் படியில் போய் உட்கார்ந்தார். முகத்தைத் துடைத்தார். நான் கேட்டைத் தாண்டிப் போய்ப் பக்கத்தில் நின்றேன். போஸ்டர், நாடகம், தீவு எல்லாவற்றையும் சொன்னேன். காலையில் அம்பாசமுத்திரம் பஸ் ஸ்டாண்டில் பால் வாங்க வந்தபோது என் படத்தைப் பார்த்திருக்கிறார். அவருக்கும் என்னைப் போலத்தான் படிப்பு. சிலுவையையும் படத்தையும் பார்த்தார், போதும். போன் போட்டுக் கேட்கவில்லையா என்றால், சாவு வீட்டுக்குப் போன் போட்டுக் கேட்பது மரியாதையா, போய் நிற்பதுதான் மரியாதை. அவருக்கு உள்ளுக்குள் வேறொரு வருத்தமும் இருந்தது. தங்கச்சி புருசன் செத்திருக்கிறான், தனக்கு மட்டும் சொல்லி அனுப்பவில்லை. அன்றைக்குச் சொன்ன சொல்லை மனதில் வைத்துக்கொண்டு ஒதுக்கிவிட்டார்கள் என்று நினைத்துக்கொண்டே ஒன்றரை மணி நேரம் பஸ்ஸில் வந்திருக்கிறார்.

"உனக்காக வரல" என்று ரோட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "அவளுக்காக வந்தேன். பொறந்த வீட்டுக் கோடி இல்லாம என் தங்கச்சி நிக்கக் கூடாது."

அப்போதுதான் பையில் இருப்பது என்ன என்று எனக்குப் புரிந்தது. கணவன் இறந்தால் பிறந்த வீட்டிலிருந்து அண்ணன் தம்பி எடுத்து வந்து போர்த்துகிற சேலை. எங்கள் பக்கத்தில் அதைத்தான் கோடி என்கிறோம். அதை வேறு யாரும் போர்த்த முடியாது. எத்தனை பகை இருந்தாலும் அதற்குப் பிறந்த வீட்டு ஆண்பிள்ளை வந்தாக வேண்டும். அவர் என் வாசப்படியை மிதிக்க மாட்டேன் என்று சொன்னபோது அதையும் சேர்த்துத்தான் சொன்னார். பஸ் ஏறும்போது அந்தச் சொல்லைக் கீழே போட்டுவிட்டு ஏறியிருக்கிறார். ஆனால் நான் உயிரோடு நிற்கிறேன். இப்போது அந்தச் சேலையை என்ன செய்வது? உயிரோடு இருக்கிறவன் வீட்டுக்குள் கோடியைக் கொண்டு வரக் கூடாது. எடுத்து வந்த கோடியைத் திருப்பி எடுத்துப் போவதும் கெட்ட சகுனம். அந்த மனிதர் பையை மடியில் வைத்துக்கொண்டு, உள்ளேயும் வர முடியாமல், போகவும் முடியாமல் வண்டிப் படியில் உட்கார்ந்திருந்தார்.

சத்தம் கேட்டு என் வீட்டுக்காரி வெளியே வந்தாள். அண்ணனைப் பார்த்ததும் கை ஈரத்தைச் சேலையில் துடைத்துக்கொண்டே ஓடி வந்தாள். பிறகு பையைப் பார்த்தாள். என் கழுத்து மாலையைப் பார்த்தாள். அவளுக்கு யாரும் எதையும் விளக்கவில்லை. பையை அவர் கையிலிருந்து எடுத்துப் பிரித்தாள். சந்தன நிறச் சேலை, காப்பி நிறக் கரை. நல்ல நூல். அவசரத்தில் எடுத்தது மாதிரி இல்லை.

"இத்தனை வருசமா இவர் எப்ப சாவாருன்னுதான் காத்துக்கிட்டு இருந்தியா அண்ணே?" என்றாள். "இது தெரிஞ்சிருந்தா அப்பமே அனுப்பி வச்சிருப்பனே."

மச்சான் தலையைக் குனிந்துகொண்டார். தோள் குலுங்கியது. அழுகிறார் என்று நினைத்தேன். சிரித்துக்கொண்டிருந்தார். சிரிப்போடு கொஞ்சம் அதுவும் இருந்தது.

அவளும் சிரித்தாள். ஆனால் பிடித்த பிடியை விடுகிறவள் இல்லை. பையைத் தன் கக்கத்தில் வைத்துக்கொண்டு, இன்னொரு கையால் அண்ணன் முழங்கையைப் பிடித்து, "அங்கன இருந்து பஸ் ஏறி இவர் செத்ததைப் பாக்கத்தான வந்திருக்க. சாயங்காலம் டிவியில சாவப் போறாரு. உள்ள வந்து பாத்துட்டுப் போ" என்றாள்.

அப்படித்தான் என் மச்சான் என் வாசப்படியை மிதித்தார். நான் கூப்பிட்டு வரவில்லை. என் சாவைப் பார்ப்பதற்காக வந்தார்.

மத்தியானம் சாப்பிட்டார். என்னோடு பேசவில்லை, ஆனால் மீன் குழம்பில் புளி கூடிவிட்டது என்று பொதுவாகச் சொன்னார். வீட்டைச் சுற்றிப் பார்த்தார். நான் ஒவ்வொரு அறையாகக் காட்டினேன், மூன்றாவது மாடி வரைக்கும் ஏற்றினேன். எல்லாவற்றுக்கும் தலையை ஆட்டினார். மாடியில் நின்று, "அந்தக் கல்லுல உக்காந்து இவ்வளவும் பண்ணிட்டியாக்கும்" என்றார். பாராட்டினாரா குத்தினாரா என்று தெரியவில்லை. ஆமாம் என்றேன்.

ஏழு மணிக்கு எல்லோரும் டிவி முன்னால் உட்கார்ந்தோம். என் வீட்டுக்காரி, மருமகள், மச்சான், நான். என் நடிப்பைப் பற்றி நானே சொல்லக் கூடாது, ஆனால் சொல்லாமல் இருக்கவும் முடியாது. அந்தக் கிழவன் திரையில் குதித்தபோது மருமகள் வாயைப் பொத்திக்கொண்டாள். பையனை அவன் தள்ளி ஏற்றினான். பிறகு கையை நீட்டினான். பையன் மூட்டைக் கயிற்றை இழுத்து இறுக்கினான். ஒரு நிமிசம் முழுக்க அந்தக் கை திரையில் அப்படியே நின்றது. தண்ணீர் சொட்டியது. மணி அடித்தது.

விளம்பரம் வந்தது. மச்சான் டிவியிலிருந்து கண்ணை எடுக்காமல், யாரோ ஒரு அந்நியனிடம் சொல்வது மாதிரி சொன்னார்.

"அந்தப் பய கையைப் பாக்கவே இல்ல. மூட்டையைத்தான் பாத்தான்."

"நான்தான் அப்பிடிப் பாக்கச் சொன்னேன்" என்றேன்.

அவர் திரும்பி என்னைப் பார்த்தார். அந்த நேரத்தில் வேடிக்கையாக ஏதாவது சொல்லியிருக்கலாம். எனக்கு அது கஷ்டம் இல்லை. ஆனால் என் வாயிலிருந்து வந்தது வேறு.

"ரெண்டு தட்டு தட்டியிருந்தா டிரைவர் நிறுத்தியிருப்பான், மச்சான். கூரையில தட்டினா நிறுத்துவான், அது எனக்குத் தெரியும். நீரு கை நீட்டினதையும் பாத்தேன். நான் குனிஞ்சு மத்த கடகத்துக் கயிறைக் கட்டிக்கிட்டு இருந்தேன். அது நல்லாத்தான் கட்டியிருந்தது."

சொல்லி முடித்த பிறகுதான் என் வீட்டுக்காரி பக்கத்தில் இருக்கிறாள் என்பது எனக்கு உறைத்தது. நின்று ஏற்றினால் பத்து நிமிசம் போய்விடும், அதற்குள் அந்தக் கல்லில் வேறு ஒருவன் உட்கார்ந்துவிடுவான் என்று அன்றைக்கு நினைத்தேன். அது ஒரு பாதி. மறு பாதி, அந்தக் கல்லில் ரெண்டு பேர் உட்கார இடம் இருக்காது என்பது. அதையும் சொன்னேன். சொல்லத் தொடங்கிய பிறகு நிறுத்தத் தெரியவில்லை.

மச்சான், "எனக்குத் தெரியாதாலே" என்றார். "நான்தான கீழ ஓடி வந்தேன்."

அவ்வளவுதான் அவர் சொன்னது. மன்னித்தேன் என்றோ, போகட்டும் என்றோ சொல்லவில்லை. விளம்பரம் முடிந்தது. கிழவனின் உடம்பு கரை ஒதுங்குகிற காட்சி வந்தது. மச்சான் அதைக் கடைசி வரைக்கும் பார்த்தார். "நல்லாத்தான் செத்திருக்க" என்றார். அன்றைக்கு எங்கள் வீட்டிலேயே படுத்தார்.

மறுநாள் காலையில் அவரைக் காரில் அனுப்புகிறேன் என்றேன். வேண்டாம் என்றார். நானே பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கூடப் போனேன். ஜன்னல் பக்கம் உட்கார்ந்தார். விசில் ஊதினார்கள், பஸ் நகர்ந்தது. எனக்கு என்ன வந்தது என்று தெரியவில்லை, பின்னாலேயே நாலு எட்டு ஓடி, பஸ் பக்கவாட்டுத் தகரத்தில் ரெண்டு தட்டு தட்டினேன். டிரைவர் பிரேக் போட்டார். கண்டக்டர் தலையை வெளியே நீட்டி, யார் ஏறணும் என்று கேட்டார். யாரும் ஏற வேண்டியதில்லை. சும்மாதான் தட்டினேன் என்றேன். வயசுக்குத் தகுந்த புத்தி வேண்டாமா பெரியவரே என்று அவர் திட்டினார். மச்சான் ஜன்னல் வழியாக என்னைப் பார்த்துவிட்டு, கண்டக்டரிடம், "அது கிறுக்குப் பய வே, நீரு விசில ஊதும்" என்றார். பஸ் போனது. ஆனால் நான் தட்டியதும் நின்றது, அது எனக்குப் போதும்.

என் வீட்டுக்காரிதான் பேசவில்லை. சனிக்கிழமை முழுக்க ஒரு வார்த்தை இல்லை. சோறு வைத்தாள், தண்ணீர் வைத்தாள், என் முகத்தைப் பார்க்கவில்லை. இத்தனை வருசம் அவள் அண்ணனைத்தான் பிடிவாதக்காரர் என்று திட்டிக்கொண்டிருந்தாள். ஓடிப்போன பஸ்ஸுக்கு என் புருசன் என்ன செய்வார் என்று அவரிடமே போய் எனக்காகச் சண்டை போட்டிருக்கிறாள். அது எனக்குச் சனிக்கிழமைதான் தெரிந்தது, மருமகள் சொல்லி.

ஞாயிற்றுக்கிழமை காலைப் பூசைக்குக் கிளம்பினோம். நான் வேட்டி கட்டிக்கொண்டு ஹாலில் நின்றேன். அவள் உள்ளேயிருந்து வந்தாள். சந்தன நிறச் சேலை, காப்பிக் கரை. அந்தக் கோடிச் சேலையைக் கட்டியிருந்தாள். மருமகள், "அத்தை" என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டாள். புருசன் உயிரோடு இருக்கும்போது கோடியைக் கட்டிய பெண்ணை இந்தப் பக்கத்தில் யாரும் பார்த்திருக்க மாட்டார்கள். எனக்கும் நெஞ்சில் பகீர் என்றுதான் இருந்தது. ஆனால் வேண்டாம் என்று சொல்ல எனக்கு அன்றைக்கு எந்த உரிமையும் இல்லை.

கோயில் வாசலில் எங்கள் ஊர்க்காரப் பெண்கள் இரண்டு பேர் அவளை நிறுத்தினார்கள். போஸ்டர் கதை எல்லோருக்கும் தெரிந்திருந்தது. சேலை புதுசா இருக்கே, யார் எடுத்தது என்று ஒருத்தி கேட்டாள்.

"என் அண்ணன் எடுத்தது."

"என்ன விசேசம்?"

என் வீட்டுக்காரி இரண்டு நாளைக்குப் பிறகு முதல் தடவையாக என் முகத்தைப் பார்த்தாள். "இவர் செத்ததுக்கு" என்றாள்.

கேட்டவள் சிலுவை போட்டுக்கொண்டாள். நான் சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டு அவளுக்குப் பக்கத்தில் போய் நின்றேன். அவள் தள்ளிப் போகவில்லை. ரெண்டு பேரும் சேர்ந்தே உள்ளே போனோம்.